டிக்கெட்டின் பின்பக்கம்

மதிப்பிற்குரிய ஆசிரியருக்கு வணக்கம்.

போன ஞாயிறு உங்கள் இணைப்பிதழில் வந்த கட்டுரையைக் காலையில் ஒரு தடவையும், சாப்பிட்ட பிறகு ஒரு தடவையும் படித்தேன். முன்பின் தெரியாத பெண்ணிடம் நின்று பேசவே இந்தக் காலத்துப் பையன்களுக்குத் தெரியவில்லை, எல்லாம் போனுக்குள் போய்விட்டது, பஸ் ஸ்டாப்பில் கால்கடுக்க நின்று பார்த்த பார்வையும் பஸ்ஸுக்குள் கைமாறிய துண்டுச்சீட்டும் இனி வராது என்று எழுதியவர் வருத்தப்பட்டிருந்தார். கூடவே ஒரு ஓவியம். பழைய பல்லவன் பஸ், ஜன்னலோரத்தில் தாவணி கட்டிய பெண், படியில் பெல்பாட்டம் போட்ட பையன். படம் நன்றாகத்தான் இருந்தது. ஆனால் அந்த பஸ்ஸில் கண்டக்டர் இல்லை. வரைந்தவர் மறந்துவிட்டார்.

அந்தக் கண்டக்டர் நான்தான். 1984இல் பல்லவன் போக்குவரத்துக் கழகத்தில் சேர்ந்தேன். கழகத்தின் பெயர் மாறி மாறி, 2001இல் மாநகரப் போக்குவரத்துக் கழகம் என்று ஆனது. பெயர் மாறினாலும் தோல் பை மாறவில்லை. 2016இல் ஓய்வு பெற்றேன். பெரம்பூரிலிருந்து பெசன்ட் நகர் போகும் 29சியிலும் ஓடியிருக்கிறேன், கல்லூரிப் பிள்ளைகள் ஏறும் வேறு பல தடங்களிலும் ஓடியிருக்கிறேன். கட்டுரையாளர் ஏக்கத்தோடு எழுதியதையெல்லாம் பின் சீட்டில் உட்கார்ந்து 32 வருஷம் பார்த்தவன் என்ற தைரியத்தில் எழுதுகிறேன்.

சென்னை பஸ்ஸில் எப்படியென்றால், கண்டக்டர் பின்படிக்குப் பக்கத்தில் தன் சீட்டில் உட்கார்ந்துவிடுவார். வெளியூர்க்காரர்கள் இதைப் பார்த்துத் திட்டுவார்கள். காசுதான் எங்களைத் தேடி வரும். முன்பக்கம் ஏறிய பெண் ஒரு ரூபாயை நீட்டி, "ஒரு லஸ்" என்பாள், லஸ் ஸ்டாப்புக்கு ஒரு டிக்கெட் என்று அர்த்தம். அந்த ரூபாய் ஆறு கை தாண்டி என்னிடம் வரும். நான் எச்சில் தொட்டு டிக்கெட்டைக் கிழித்துக் கொடுப்பேன். அது மறுபடி ஆறு கை தாண்டி அவளிடம் போகும். சில்லறை இல்லையென்றால் டிக்கெட்டின் பின்பக்கம் பாக்கியை எழுதிக் கொடுப்போம். இறங்குவதற்குள் கேட்டு வாங்கிக்கொள்ள வேண்டும். பாதிப் பேர் மறந்துவிடுவார்கள். சிலர் மறக்காமல் இறங்கும்போது சண்டை போடுவார்கள்.

கட்டுரையாளர் சொல்கிற காதல் முழுக்க இந்த ஆறு கைக்குள் நடந்ததுதான். எந்தக் கை காசை ஒரு விநாடி கூடுதலாக வைத்திருக்கிறது, எந்தக் கை வேண்டுமென்றே குறுக்கே நுழைகிறது என்று எனக்குத் தெரியும். அப்புறம் நோட்டுப் புத்தகம். நிற்கிறவர்கள் உட்கார்ந்திருப்பவர் மடியில் பையையோ புத்தகத்தையோ கொடுத்துவிடுவது அன்றைக்குச் சாதாரண வழக்கம். யாரும் முகம் சுளிக்க மாட்டார்கள். முழு இடமும் காலியாக இருக்கும்போதுகூட நின்றுகொண்டே வந்து புத்தகத்தைக் கொடுக்கிற பையன்களும் உண்டு. நோட்டு நான்கு ஸ்டாப் அவள் மடியில் இருக்கும். உள்ளே என்ன இருந்தது என்று நான் பார்த்ததில்லை.

இதற்கெல்லாம் எங்களிடம் வார்த்தைகளும் இருந்தன. சைட் அடிப்பது, லுக்கு விடுவது, ரூட்டு விடுவது, நூல் விடுவது, கரெக்ட் பண்ணுவது. ஓய்வு பெற்ற பிறகு ஒருநாள் சும்மா உட்கார்ந்து யோசித்தேன். அடிப்பது, விடுவது, பண்ணுவது எல்லாமே பையன் செய்கிற வேலை. அந்தப் பெண் என்ன செய்தாள் என்று சொல்ல ஒரு வார்த்தை கிடையாது. கடலை போடுவது ஒன்றுக்குத்தான் இரண்டு பேர் வேண்டும். அது எங்கள் பஸ்ஸில் அபூர்வம்.

அபூர்வமாக நடந்த ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். கட்டுரையாளர் முழுக்கப் பொய் சொல்கிறார் என்று நான் சொல்ல வரவில்லை.

புரசைவாக்கத்தில் ஒருவர் ஏறுவார். பிரவுன் கலர் பை, அதற்குள் டிபன் பாக்ஸ், தலைக்கு நிறைய எண்ணெய். எப்போதும் என் சீட்டுக்கு முன்னால் ஒரே கம்பியைப் பிடித்துக்கொண்டு நிற்பார். சேத்துப்பட்டில் ஒரு அம்மா ஏறுவார். அரசாங்க ஆபீசில் வேலை என்று நினைக்கிறேன். அவர் நீட்டும் காசு கடைசியாக இந்த மனிதர் கைக்கு வந்துதான் என்னிடம் வரும். "ஒரு மயிலாப்பூர்" என்று இவர்தான் சொல்வார். இரண்டு வருஷம் இவ்வளவுதான். ஒரு வார்த்தை பேசிக்கொண்டதில்லை. ஒரு தடவை மனிதர் எட்டு நாள் வரவில்லை. ஒன்பதாம் நாள் அந்த அம்மா கூட்டத்தைத் தள்ளிக்கொண்டு என் சீட்டு வரைக்கும் வந்து, காசைக் கையில் கொடுத்துவிட்டு, வேறு பக்கம் பார்த்துக்கொண்டு கேட்டார்: "பிரவுன் பை வச்சிருப்பாரே, அவர் வரலீங்களா?"

எனக்குத் தெரியாது என்றேன். மஞ்சள் காமாலை வந்து படுத்திருந்தவர் மூன்றாவது வாரம் பாதி ஆளாகத் திரும்பி வந்தார். "சார், உங்களை ஒருத்தங்க கேட்டாங்க" என்றேன். மனிதர் அன்றைக்கு டிக்கெட் வாங்கவே மறந்துவிட்டார். 1991இல் வடபழனி கோயிலில் கல்யாணம். என்னையும் டிரைவரையும் கூப்பிட்டார்கள். டிரைவருக்கு டியூட்டி, நான் மட்டும் போய் மொய் எழுதிவிட்டுச் சாப்பிட்டுவிட்டு வந்தேன். அவர் பெயர் அந்தப் பத்திரிகையைப் பார்த்துத்தான் தெரிந்தது.

இதுபோல 32 வருஷத்தில் எத்தனை பார்த்தேன் என்று கேட்டால் மூன்று. தாராளமாக எண்ணினால் நான்கு.

மற்றதெல்லாம் ஊக்கு. பெண்களிடம் கேட்டால் தெரியும். ரவிக்கையிலோ பையின் வாரிலோ ஒரு ஊக்கு தயாராகக் குத்தி வைத்திருப்பார்கள். பின்னால் வந்து ஒட்டி நிற்பவன் தொடையில் அது இறங்கும். திடீரென்று ஒரு ஆள் "ஸ்ஸ்" என்று துள்ளினால் எனக்குப் புரிந்துவிடும். பள்ளிப் பிள்ளைகள் காம்பஸ் வைத்திருப்பார்கள். ஓவியர் வரைந்த ஜன்னலோரப் பெண்ணின் கையிலும் ஒரு ஊக்கு இருந்திருக்கும்.

யாராவது பெண் முகம் சிவந்து என்னைத் திரும்பிப் பார்த்தால் நான் சொல்வது ஒன்றே ஒன்று: "நீ முன்னாடி வந்துடும்மா." இதை எத்தனை ஆயிரம் தடவை சொல்லியிருப்பேனோ! பெரிய உபகாரம் செய்கிற நினைப்பு வேறு. 1994இலோ 95இலோ ஒரு பெண், வேலைக்குப் போகிறவர், சத்தமே போடாமல் என்னைக் கேட்டார்: "நான் எதுக்கு சார் போகணும்? அவரைப் போகச் சொல்லுங்க." பஸ்ஸே திரும்பிப் பார்த்தது. நான் என்ன சொன்னேன் தெரியுமா? "ஆபீஸ் டைம்மா, கொஞ்சம் அட்ஜஸ்ட் பண்ணிக்க." அவர் அடுத்த ஸ்டாப்பில் இறங்கிவிட்டார். அந்த ஆள் கடைசி ஸ்டாப் வரைக்கும் வந்தான்.

1998 ஜூலையில் எத்திராஜ் கல்லூரிக்குப் பக்கத்தில் ஆட்டோவில் வந்தவர்கள் செய்த அட்டகாசத்தில் ஒரு மாணவி கீழே விழுந்து அடிபட்டு இறந்துபோனார். ஊரே கொதித்தது. அந்த வருஷமே தமிழ்நாட்டில் தனிச் சட்டம் வந்தது. அப்போது அதில் இருந்த தண்டனை ஓராண்டு வரை சிறை, அல்லது பத்தாயிரம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். முதலில் அதற்கு ஈவ் டீசிங் தடைச் சட்டம் என்று பெயர். என்னமோ செல்லமாகக் கிண்டல் பண்ணுவது போல! 2002இல்தான் அந்தச் செல்லப் பெயரை எடுத்துவிட்டுப் பெண்களைத் துன்புறுத்தல் என்று மாற்றினார்கள்.

அந்தச் சட்டத்தில் எங்களுக்கும் ஒரு வரி இருக்கிறது, நிறைய பேருக்குத் தெரியாது. ஓடுகிற பஸ்ஸில் ஒரு பெண் புகார் சொன்னால் டிரைவரும் கண்டக்டரும் பஸ்ஸைப் பக்கத்துப் போலீஸ் ஸ்டேஷனுக்குக் கொண்டுபோக வேண்டும். நானும் ஒரே ஒரு தடவை கொண்டுபோனேன். ஒற்றை விசில் கொடுத்து டிரைவரிடம் விஷயத்தைச் சொன்னதும் பஸ்ஸுக்குள் இருந்த அறுபது பேரும் என்மேல் பாய்ந்தார்கள். ஆபீசுக்கு லேட்டாகிறது என்றார்கள், ஒரு பொண்ணுக்காக இத்தனை பேர் சாவதா என்றார்கள். அவன் கையைக் காலைப் பிடித்து மன்னிப்புக் கேட்கச் சொல்லி விட்டுவிடுங்கள் என்று ஒரு பெரியவர் பஞ்சாயத்து பண்ணினார். ஸ்டேஷன் வாசலுக்குப் போய்ச் சேர்வதற்குள் அந்தப் பெண்ணே, "விட்டுடுங்க சார், எனக்கு ஒண்ணும் வேணாம்" என்று அழ ஆரம்பித்துவிட்டார். அவன் இறங்கிப் போனான். நாங்கள் இருபது நிமிஷம் தாமதமாக டெர்மினஸ் போய்ச் சேர்ந்தோம்.

2012 நவம்பரில் உச்ச நீதிமன்றம் இது பற்றி ஒரு தீர்ப்பு சொன்னது. தென்காசி பஸ் நிலையத்தில் கணவரோடு நின்ற பெண்ணிடம் ஒரு போலீஸ்காரரே தவறாக நடந்துகொண்ட வழக்கு. பஸ்ஸைப் போலீஸ் ஸ்டேஷனுக்குக் கொண்டுபோவது ஊழியர்களின் கடமை என்று அந்தத் தீர்ப்பிலும் இருந்தது. செய்தியைப் படித்தபோது எனக்கு ஒன்றுதான் கண்ணில் பட்டது. அந்தப் பெண்ணும் கணவரும் பிற்பாடு கோர்ட்டில் சாட்சி சொல்லாமல் பின்வாங்கிவிட்டார்கள். ஏன் பின்வாங்கினார்கள் என்று என்னைக் கேட்டால் எனக்கு அந்த அறுபது பேர் முகம்தான் ஞாபகம் வரும்.

நான் ஓய்வு பெற்ற 2016இல், ஜூன் மாதம், நுங்கம்பாக்கம் ரயில் நிலையத்தில் வேலைக்குப் போக நின்றுகொண்டிருந்த பெண்ணைக் காலை நேரத்தில் பிளாட்பாரத்திலேயே வெட்டிக் கொன்றார்கள். பலநாள் பின்னாலேயே வந்தவன் என்று போலீஸ் சொன்னது. பிளாட்பாரத்தில் ஆட்கள் இருந்தார்கள். இதற்கு மேல் அதைப் பற்றி எனக்கு எழுத வரவில்லை. பின்னாலேயே போனால் ஒருநாள் படிந்துவிடுவாள் என்று திரையில் சொல்லிக்கொடுத்ததைப் பற்றி உங்கள் பத்திரிகையிலேயே நிறைய பேர் எழுதிவிட்டார்கள். நானும் அந்தக் காட்சிகளுக்கு விசில் அடித்தவன்தான், டியூட்டி இல்லாத நாளில்.

போன் வந்த பிறகு நடந்ததை என் மகளிடம் கேட்க வேண்டும். இன்கமிங் இலவசமான காலத்தில் அவள் கையில் முதல் போன். ராங் நம்பர் என்று ஆரம்பித்து, "உங்க வாய்ஸ் நல்லாருக்குங்க" என்று முடியும். ராத்திரி பதினோரு மணிக்கு மிஸ்டு கால். ரீசார்ஜ் கடையில் நம்பரைச் சத்தமாகச் சொல்லப் பயந்து துண்டுக் காகிதத்தில் எழுதிக் கொடுத்து, வேலை முடிந்ததும் கையோடு வாங்கிக்கொண்டு வருவாள். பிறகு அழைப்பது யார் என்று ட்ரூகாலர் காட்ட ஆரம்பித்ததும் அந்த வீரர்களில் பாதிப் பேர் காணாமல் போனார்கள்.

இப்போதைக்கு வருகிறேன். 2021 மே மாதத்திலிருந்து சாதாரண பஸ்ஸில் பெண்களுக்குக் கட்டணம் இல்லை. அந்தப் பக்கத்திலிருந்து காசு வருவதில்லை. ஆறு கைக்கு வேலையே இல்லை. 2022இலிருந்து பஸ்களில் கேமராவும் அவசரப் பொத்தானும் வைக்கத் தொடங்கினார்கள். எல்லார் காதிலும் எதையாவது செருகியிருக்கிறார்கள். புத்தகத்தை மடியில் கொடுத்தால் விநோதமாகப் பார்ப்பார்கள், எல்லாருக்கும் முதுகுப் பை. வீட்டில் இருக்கப் பிடிக்காமல் நான் இப்போதும் பஸ்ஸில் சுற்றுகிறவன். பழக்கதோஷத்தில் பின் சீட்டில்தான் உட்காருவேன்.

இரண்டு மாதத்துக்கு முன்னால் அப்படி உட்கார்ந்திருந்தபோது ஒன்று பார்த்தேன். பின்படிக்குப் பக்கத்தில் ஒரு பையனும் ஒரு பெண்ணும் நின்றிருந்தார்கள். ஒருவரை ஒருவர் தெரியாது. டிராபிக்கில் வண்டி நின்றுவிட்டது. வெளியே ஒரு நாய் ஸ்கூட்டரின் முன்னால் மனிதர் மாதிரி உட்கார்ந்து போனது. இருவரும் அதைப் பார்த்துச் சிரித்தார்கள். ஏதோ இரண்டு வார்த்தை பேசினார்கள். அப்புறம் பையன் காதில் இருந்ததைக் கழற்றிவிட்டு, "தப்பா எடுத்துக்காதீங்க, உங்க இன்ஸ்டா ஐடி கேட்கலாமா?" என்றான். அவள், "இல்லங்க, சாரி" என்றாள். அவன், "ஓகேங்க, பரவால்ல" என்றான். காது மட்டும் சிவந்துவிட்டது. மறுபடி எடுத்துக் காதில் செருகிக்கொண்டு, கொஞ்சம் தள்ளிப் போய் நின்றான். அவள் நின்ற இடத்திலேயே நின்றாள்.

பத்துப் பதினைந்து விநாடி சமாச்சாரம். எனக்கு எழுந்து நின்று இரட்டை விசில் கொடுக்கலாம் போல இருந்தது. மாட்டேன் என்று சொன்ன பெண் இடம் மாறாமல் நிற்க, கேட்டவன் தள்ளிப் போனதை நான் டியூட்டியில் இருந்த காலத்தில் பார்த்ததே இல்லை. வீட்டுக்கு வந்து பேத்தியிடம் சொன்னேன். "கிரீன் ஃபிளாக் தாத்தா" என்றாள். பச்சைக் கொடி காட்டினால் வண்டி போகும் என்றுதான் எனக்குத் தெரியும். நல்ல பையன் என்பதற்கு இந்தக் காலத்துப் பிள்ளைகள் சொல்கிற அடையாளமாம் அது. நின்றதற்கும் பச்சைக் கொடிதானாம்.

சரி, இந்தக் காலம் நன்றாகத்தான் இருக்கிறது என்று எழுதி முடித்திருப்பேன். பேத்தியே முடிக்க விடவில்லை.

அவள் கல்லூரியில் இரண்டாம் வருஷம். அந்தக் கல்லூரிப் பிள்ளைகளுக்கென்று இன்ஸ்டாகிராமில் ஒரு பக்கம் இருக்கிறது. யார் நடத்துகிறார்கள் என்று யாருக்கும் தெரியாது. யாரைப் பிடித்திருக்கிறதோ அவர்களைப் பற்றிப் பெயர் போடாமல் எழுதி அனுப்பினால் அந்தப் பக்கத்தில் வெளியிடுவார்கள். கன்ஃபெஷன் பேஜ் என்று பெயர். நாம் செய்த தப்பைச் சொல்வதுதான் கன்ஃபெஷன் என்று நினைத்திருந்தேன். ஒருநாள் அதில் இவளைப் பற்றி வந்துவிட்டது. காலை எட்டு மணி பத்து நிமிஷ பஸ்ஸில் வருகிற, பச்சைக் குர்தா, வலது கையில் கறுப்புக் கயிறு, எந்த ஸ்டாப்பில் ஏறுகிறாள் என்பது உட்பட. யார் என்று தெரிந்தவர்கள் டேக் பண்ணுங்கள் என்று கீழே. மத்தியானத்துக்குள் நாற்பது பேர் இவள் பெயரைப் போட்டுவிட்டார்கள். அவர்களில் பாதிப் பேர் இவளுடைய தோழிகள். கொஞ்ச நேரத்தில் இதயம் இதயமாக முந்நூறு.

எழுதினவன் கெட்ட வார்த்தை ஒன்றும் எழுதவில்லை. சிரிப்பு அழகாக இருக்கிறது என்றுதான் இருந்தது. ஆனாலும் மறுநாள் அவள் அந்த எட்டு பத்தில் போகவில்லை. யார் எழுதினது என்று தெரியாததால், பஸ்ஸில் இருந்த எல்லா ஆணும் எழுதினது போலத்தானே! கையில் இருந்த கறுப்புக் கயிற்றையும் வெட்டிப் போட்டுவிட்டாள். பக்கத்தை நடத்துகிறவனுக்கு எடுத்துவிடச் சொல்லி எழுதினாள். அவன் எடுத்துவிட்டான், அதைச் சொல்ல வேண்டும். ஆனால் ஒரு பதிலும் அனுப்பினான். அதை என்னிடம் படித்துக் காட்டினாள்: "நான் எழுதலங்க. வந்ததைப் போட்டேன், அவ்ளோதான்."

ஆசிரியர் அவர்களே, அந்த 'அவ்ளோதான்' என்ற வார்த்தையைக் கேட்ட பிறகு எனக்கு நான்கு நாள் தூக்கம் சரியாக இல்லை. இந்தக் கடிதத்தை எழுத உட்கார்ந்ததும் அதனால்தான். கட்டுரையாளர் துண்டுச்சீட்டு என்று எழுதியிருந்தாரே, அப்படி ஒன்றை நானும் கைமாற்றிக் கொடுத்திருக்கிறேன்.

1987ஆம் வருஷம். தடத்தின் எண் வேண்டாம். எனக்கு 29 வயது, கல்யாணமாகி ஆறு மாதம், உலகத்தில் எல்லாரும் ஜோடியாக இருக்க வேண்டும் என்று தோன்றுகிற நேரம். காலை டிரிப்பில் ஒரு பெண் வருவாள். தட்டச்சு வகுப்புக்குப் போகிறவள். கையில் எப்போதும் சுருட்டிய காகிதம், ரப்பர் பேண்டு போட்டு. மூன்று தாவணிதான் அவளிடம் இருந்தது. மாற்றி மாற்றி அந்த மூன்றைத்தான் கட்டுவாள், எனக்கே வரிசை மனப்பாடம். அவளைப் பார்ப்பதற்கென்றே ஏறுகிற பையன் ஒருவன். நல்ல பையன்தான். டெர்மினஸில் எனக்கு டீ வாங்கிக் கொடுப்பான். 'அண்ணே, அண்ணே' என்று சுற்றி வருவான்.

அன்றைக்கு அவள் முன்னாலிருந்து ஒரு ரூபாய் அனுப்பினாள். டிக்கெட் அறுபது காசு. என்னிடம் சில்லறை இல்லை. பாக்கி எழுத டிக்கெட்டைத் திருப்பிப் பேனாவைத் திறந்தேன். நான் பாக்கி எழுதுவது எப்போதும் சிவப்பு ரீஃபிலில், எனக்கு அது ஒரு அடையாளம். பக்கத்தில் நின்ற இவன், "அண்ணே, நான் எழுதறேன், ப்ளீஸ்ணே" என்று கையை நீட்டினான். நான் டிக்கெட்டையும் பேனாவையும் கொடுத்தேன். என் சீட்டின் முதுகில் வைத்து எழுதினான். கடைசியில் என்னிடமே கொடுத்து, "நீங்க குடுத்தாதான் வாங்கும்" என்றான். நான் படித்தேன். நாளைக்கும் இதே தாவணி என்றால் சம்மதம் என்று எழுதியிருந்தான். குட்டி டிக்கெட்டில் அதற்குமேல் இடம் இல்லை.

சிரித்துக்கொண்டே முன்னால் அனுப்பினேன். ஆறு கை தாண்டிப் போனது.

அவள் பாக்கி எவ்வளவு என்று பார்க்கத் திருப்பினாள். ரொம்ப நேரம் பார்த்தாள். அப்புறம் தலையைத் தூக்கிப் பின்னால் பார்த்தாள், நேராக என்னை. கம்பியைப் பிடித்துக்கொண்டு இளித்துக்கொண்டிருந்த அவனை அவள் பார்க்கவே இல்லை. நானும் சிரித்துக்கொண்டிருந்தேன். அடுத்த ஸ்டாப்பில், அவள் இறங்க வேண்டிய இடத்துக்கு மூன்று ஸ்டாப் முன்னாலேயே, முன்படி வழியாக இறங்கிவிட்டாள்.

மறுநாள் வரவில்லை. அந்த வாரமே வரவில்லை. பையன் நான்கு நாள் ஏறி இறங்கிவிட்டு வேறு தடத்துக்குப் போய்விட்டான். டீயும் நின்றது.

மூன்று நான்கு மாதம் கழித்து ஒருநாள் சாயந்திரம் அதே ஸ்டாப்பில் அவள் நின்றுகொண்டிருந்தாள். கூட ஒரு பெரியம்மா, அம்மாவாக இருக்கும். அவள் கையில் காகிதச் சுருள் இல்லை. வண்டி காலியாகத்தான் இருந்தது. பெரியம்மா ஏறக் காலை வைத்தார். அவள் பின்படியில் நின்ற என்னைப் பார்த்துவிட்டு, அம்மாவின் கையைப் பிடித்துக் கீழே இழுத்தாள். "அடுத்த வண்டியில போலாம்மா" என்றது எனக்குக் கேட்டது. பையன் அந்த வண்டியிலேயே இல்லை. எனக்கு அது உறைக்கக் கொஞ்ச நேரம் ஆனது. சிவப்பு மை என்னுடையது. பாக்கி எழுதுகிறவன் நான். திரும்பிப் பார்த்தபோது சிரித்ததும் நான். அவள் கணக்கில் அதை எழுதியவன் நான்தான்.

அவள் தட்டச்சுப் பரீட்சை எழுதினாளா, வகுப்பையே நிறுத்திவிட்டார்களா என்று எனக்குத் தெரியாது. இப்போது அறுபதை நெருங்கியிருப்பார். மன்னிக்கவும், அவள் அவள் என்றே இவ்வளவு நேரம் எழுதிவிட்டேன், எனக்குள் இன்னும் அந்த வயதிலேயே நிற்கிறார்.

கடிதம் நீளம்தான். வெட்டிக்கொள்ளுங்கள். சட்டம், கோர்ட் எல்லாவற்றையும் எடுத்துவிட்டாலும் பரவாயில்லை, டிக்கெட்டை மட்டும் வெட்ட வேண்டாம். கட்டுரையாளரிடம் கொடுத்தால் மகிழ்ச்சி. பெயரைப் போட வேண்டாம், அந்தக் காலத்துக் கூட்டாளிகள் உங்கள் பத்திரிகைதான் வாங்குகிறார்கள்.

நான் கையால் எழுதியதைப் பேத்திதான் உட்கார்ந்து டைப் அடித்தாள். இந்த இடம் வந்ததும் நிறுத்திவிட்டு, "அந்தப் பொண்ணு பேலன்ஸ் வாங்கினாங்களா தாத்தா?" என்று கேட்டாள்.

வாங்கவில்லை. அன்று ராத்திரி டிப்போவில் கணக்கு முடிக்கும்போது பையில் நாற்பது காசு அதிகம் இருந்தது. மேலே பத்துக் காசு போட்டு டீ குடித்துவிட்டேன்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற நடத்துநர்,
அயனாவரம், சென்னை.